இன்னொரு முறை பார்க்க வேண்டும்

கிருமித் தொற்று முற்றிய பச்சிளங்குழந்தை பெரும்பாலும் வீறிட்டு அழுவதில்லை. அடங்கிப்போகிறது. காலையில் மார்பைத் தேடி வாயைத் திறந்த குழந்தை, மதியம் இரண்டு வாய் உறிஞ்சிவிட்டுக் கண்ணை மூடிக்கொள்கிறது. விரல்களை இறுக மடக்கி வைத்திருந்த கை தளர்ந்து கிடக்கிறது. உடம்பு சுடலாம், சில்லிட்டும் போகலாம். குறைமாதக் குழந்தைகளுக்குச் சில்லிடுவதுதான் அதிகம். குழந்தைகள் தீவிர சிகிச்சைப் பிரிவில் செவிலியராக வேலை பார்க்கும் எனக்கு, ஓயாமல் அழும் குழந்தையைவிட, திடீரென்று சத்தம் அடங்கிய குழந்தைதான் எப்போதும் அதிகக் கவலையைத் தருகிறது.

செப்சிஸ் என்னும் இந்த நிலையைக் கண்டுபிடிப்பதில் உள்ள சங்கடமே இதுதான். கிருமியை எதிர்க்கக் கிளம்பிய உடம்பின் பாதுகாப்பு ஏற்பாடு கட்டுமீறிப் போய், இருதயம், நுரையீரல், சிறுநீரகம், மூளை என்று ஒவ்வொன்றாகத் தடுமாறத் தொடங்குகிறது. இத்தனையும் உள்ளே நடக்கும்போது, பிறந்து சில நாட்களே ஆன குழந்தை அதை வெளியே தெரிவிக்கும் வழிகள் மிகச் சில. இரண்டு மாதம் நிறையாத குழந்தைகளுக்கு உலக சுகாதார நிறுவனம் சொல்லும் ஆபத்து அறிகுறிகளைப் பாருங்கள்: சரியாகப் பால் குடிக்காமை, வலிப்பு, மூச்சு இழுக்கும்போது மார்பு உள்வாங்குவது, நிமிடத்துக்கு 60 அல்லது அதற்கு மேல் மூச்சு, 38 டிகிரியோ அதற்கு மேலோ சூடு, 35.5 டிகிரிக்குக் கீழே குளிர்ச்சி, தூண்டினால் மட்டும் அசைவது அல்லது அசையாமலே இருப்பது. இவற்றில் எதற்கும் வேறொரு காரணம் சொல்லிவிட முடியும். பிறந்தவுடன் நுரையீரலில் தங்கிய நீர் வற்றாமல் மூச்சு வாங்கலாம். இரத்தத்தில் சர்க்கரை குறைந்து குழந்தை சோர்ந்திருக்கலாம். பிறவி இருதயக் கோளாறும் முதல் பார்வையில் அச்சு அசல் செப்சிஸ் போலவே தெரியும். ஒரு முறை பார்த்துத் தீர்ப்புச் சொல்ல முடியாத நோய் இது. அரை மணி கழித்துத் திரும்பப் போய்ப் பார்க்கும்போதுதான் குழந்தை எந்தப் பக்கம் நகர்கிறது என்பது புலப்படுகிறது.

அந்த நகர்வை எங்களுக்கு முன்னால் உணர்கிறவர் பல நேரங்களில் தாய்தான். குறைமாதத்தில் பிறந்து, மூச்சுக்கருவியிலிருந்து விடுபட்டு, எடை ஏறத் தொடங்கியிருந்த ஒரு பெண் குழந்தை எங்கள் பிரிவில் இருந்தாள். தாய் அவளைத் தினமும் மணிக்கணக்காக நெஞ்சோடு நெஞ்சாக அணைத்து வைத்திருப்பார். ஒரு பிற்பகல் என்னைக் கூப்பிட்டு, "சிஸ்டர், இவள் நேற்று மாதிரி இல்லை" என்றார். என்ன வித்தியாசம் என்று கேட்டேன். "நெஞ்சில் போட்டால் நெளிவாள், தலையைத் திருப்புவாள். இன்றைக்கு வைத்த இடத்திலேயே கிடக்கிறாள்" என்றார். மானிட்டரில் எல்லா எண்களும் வரம்புக்குள்தான் இருந்தன. இருதயத் துடிப்பு மட்டும் காலையில் இருந்ததைவிடக் கொஞ்சம் கூடியிருந்தது.

குழந்தையை வார்மர் என்னும் வெப்பமூட்டும் படுக்கைக்கு மாற்றி, துணியை முழுக்க விலக்கிப் பார்த்தேன். வயிறு லேசாக உப்பியிருந்தது. பாதம் குளிர்ந்திருந்தது, முழங்காலுக்கு மேலே வெதுவெதுப்பு. மார்பெலும்பின் மேல் விரலால் ஐந்து நொடி அழுத்திவிட்டு எடுத்தேன். வெளுத்த இடத்தில் நிறம் திரும்ப மூன்று நொடிக்கு மேல் ஆயிற்று. மருத்துவர் வந்து பார்த்துக்கொண்டிருக்கும்போதே மூச்சு நின்றது. உள்ளங்காலைத் தேய்த்ததும் திரும்ப வந்தது. இரத்தம் எடுத்தோம், மருந்து தொடங்கினோம். மறுநாள் விடிவதற்குள், இரத்தத்தில் கிருமி வளர்கிறதா என்று பார்க்கும் கல்ச்சர் பாட்டிலில் கிருமி வளர்ந்திருப்பதாக ஆய்வகத்திலிருந்து அழைப்பு வந்தது, கிளெப்சியெல்லா என்னும் பாக்டீரியா. அந்தக் குழந்தை பிழைத்துக்கொண்டாள். தாயின் வாக்கியத்தை அப்படியே, அவர் சொன்ன சொற்களிலேயே, நேரத்தோடு குறிப்பேட்டில் எழுதிவைத்தேன். அதுதான் எங்களுக்குக் கிடைத்த முதல் பரிசோதனை முடிவு என்றே நான் நினைக்கிறேன்.

குறிப்பேடு என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 'குழந்தை நன்றாகத் தூங்குகிறது' என்று ஷிஃப்ட் முழுக்க எழுதிவைக்கும் பழக்கத்தை நான் ஏற்பதில்லை. எழுப்பினால் எழுந்ததா, எழுந்ததும் பால் குடித்ததா, கடந்த வேளையைவிட நேரம் கூட எடுத்ததா என்று எழுதுங்கள் என்பேன். அடுத்த ஷிஃப்ட்டில் வருகிறவர் ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு ஏதாவது இருக்க வேண்டும்.

குறைமாதக் குழந்தைகளுக்கு ஏன் இவ்வளவு ஆபத்து? தாயிடமிருந்து தொப்புள்கொடி வழியாக வந்து சேர வேண்டிய எதிர்ப்புப் புரதங்களில் பெரும்பகுதி கர்ப்பத்தின் கடைசி மூன்று மாதங்களில்தான் வருகிறது. அதற்கு முன்பே பிறந்த குழந்தை அந்தச் சீதனம் இல்லாமல் வந்து சேர்கிறது. தோல் மெலிது. அந்தத் தோலைத் துளைத்துத்தான் நாங்கள் ஊசியும் குழாயும் போடுகிறோம். பிறந்து 72 மணி நேரத்துக்குள் வரும் தொற்று பெரும்பாலும் தாயின் பிறப்புப் பாதையிலிருந்து வருவது. பனிக்குடம் உடைந்து நெடுநேரம் ஆகியிருந்தாலோ, பிரசவ நேரத்தில் தாய்க்குக் காய்ச்சல் இருந்தாலோ எச்சரிக்கையாகிவிடுவோம். அதற்குப் பிறகு வருவது பெரும்பாலும் சூழலிலிருந்தும், குழாய்களிலிருந்தும், எங்கள் கைகளிலிருந்தும் வருவது. இதைச் சொல்லத் தயங்கக் கூடாது. கை கழுவுவதும், இனித் தேவையில்லை என்று தெரிந்த குழாயை அன்றைக்கே எடுத்துவிடுவதும் எந்த ஆன்டிபயாடிக்குக்கும் குறைந்த சிகிச்சை அல்ல.

பரிசோதனைகளில் எனக்கு அதிக அக்கறை இரத்தக் கல்ச்சர் மீதுதான். முதல் டோஸ் மருந்துக்கு முன்னால் எடுக்க வேண்டும், குறைந்தது ஒரு மில்லி எடுக்க வேண்டும். ஒரு கிலோ எடைகூட இல்லாத குழந்தையிடமிருந்து ஒரு மில்லி இரத்தம் எடுப்பது பார்க்கிறவர்களுக்குக் கொடுமையாகத் தெரியும். அரை மில்லியோடு கை நின்றுவிடும். ஆனால் இரத்தத்தில் கிருமிகள் கொஞ்சமாக இருந்தால் அந்த அரை மில்லியில் அவை சிக்காமலே போய்விடலாம். பாட்டில் கிருமி இல்லை என்று சொல்லும், அதை நம்பி முடிவெடுப்போம். தோலைத் துடைத்த கிருமிநாசினி உலரும்வரை காத்திருப்பதும் இதே அளவு முக்கியம். ஈரத்தோடு குத்தினால் தோலில் இருக்கும் சாதாரணக் கிருமி பாட்டிலுக்குள் போய், இல்லாத நோய்க்குச் சிகிச்சை கொடுக்க வைத்துவிடும். அவசரத்தின் நடுவே கையில் ஊசியோடு அரை நிமிடம் சும்மா நிற்பது கடினம். நிற்கத்தான் வேண்டும்.

உடம்பில் அழற்சி இருந்தால் இரத்தத்தில் கூடும் புரதமான சிஆர்பி பற்றிப் பெற்றோர் நிறையக் கேட்கிறார்கள். அது ஏறுவதற்குப் பல மணி நேரம் பிடிக்கும். நோய் தொடங்கியவுடன் எடுத்த முதல் அளவு இயல்பாக இருப்பதில் ஆறுதல் கொள்ள ஒன்றுமில்லை. இடைவெளி விட்டு மீண்டும் எடுப்பதில்தான் பயன் உண்டு.

முதுகில் நீர் எடுப்பதென்றால் எல்லாப் பெற்றோரும் கலங்கிவிடுகிறார்கள். கால் விளங்காமல் போய்விடுமோ என்று கேட்காதவர்கள் குறைவு. தண்டுவடம் முடிந்த இடத்துக்குக் கீழேதான் ஊசி போகும் என்று என் கையிலேயே படம் வரைந்து காட்டியிருக்கிறேன். மூளைக்காய்ச்சல் இருக்கும் குழந்தைக்குக்கூட இரத்தக் கல்ச்சரில் ஒன்றும் வளராமல் போகலாம் என்பதால் இந்தப் பரிசோதனையைத் தட்டிக்கழிக்கக் கூடாது. முடிவைப் பொறுத்து மருந்து மாறும், அளவு மாறும், நாட்கள் மூன்று வாரம்வரை நீளும். குழந்தையைப் பிடித்துக்கொள்வது என் வேலை. இடுப்பை வளைக்கலாம், கழுத்தை வளைக்கக் கூடாது. கழுத்து மடங்கினால் மூச்சுப்பாதை அடைபடும். அந்தச் சில நிமிடங்களும் என் கண் ஊசியின் மேல் இருப்பதில்லை, குழந்தையின் உதட்டு நிறத்தின் மேல்தான்.

பெரிய குழந்தைகளிடம் நாங்கள் ஏமாறுவது வேறு விதம். அவர்களின் இரத்தக்குழாய்கள் சுருங்கி, இருதயம் வேகமாக அடித்து, இரத்த அழுத்தத்தைக் கடைசிவரை தாங்கிப் பிடித்துவிடும். அழுத்தம் சரியாக இருக்கிறதே என்று நிம்மதியாக இருக்கும்போதே கை கால் சில்லிட்டு, சிறுநீர் குறைந்து, குழந்தை சம்பந்தமில்லாமல் பேசத் தொடங்கியிருக்கும். அழுத்தம் விழும்போது நேரம் அனேகமாகக் கைவிட்டுப் போயிருக்கும். 2024 ஜனவரியில் வெளியான ஃபீனிக்ஸ் அளவுகோல், தொற்று இருக்கலாம் என்ற சந்தேகத்தோடு மூச்சு, இரத்த ஓட்டம், இரத்தம் உறைதல், மூளை ஆகிய நான்கின் செயல்பாட்டுக்கும் மதிப்பெண் போட்டு, இரண்டு அல்லது அதற்கு மேல் வந்தால் செப்சிஸ் என்கிறது. காய்ச்சலையும் வெள்ளணுக்களையும் முன்னிறுத்திய 2005ஆம் ஆண்டின் வரையறையைவிட இது எவ்வளவோ மேல். ஆனால் மதிப்பெண் ஏறும்போது உறுப்பு ஏற்கெனவே தடுமாறியிருக்கும். அதற்கு முன்பே சந்தேகப்படுவது படுக்கையருகில் நிற்பவரின் பொறுப்பு. குறைமாதக் குழந்தைகளையும், பிறந்த மருத்துவமனையிலிருந்து இன்னும் வீடு திரும்பாத குழந்தைகளையும் இந்த அளவுகோல் சேர்த்துக்கொள்ளவில்லை. அவர்களுக்கு எல்லோரும் ஒப்புக்கொண்ட ஒரு வரையறை இன்னும் இல்லை.

2017ஆம் ஆண்டுக்கான உலகக் கணக்கில், செப்சிஸால் இறந்த ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகள் சுமார் 29 லட்சம். இரத்த ஓட்டம் குலைந்து அதிர்ச்சி நிலைக்குப் போன குழந்தைக்கு முதல் ஒரு மணி நேரத்துக்குள் ஆன்டிபயாடிக் போக வேண்டும் என்று நாங்கள் ஓடுவது அதனால்தான். நரம்பு கிடைக்கவில்லை என்றால் தேடிக்கொண்டே நிற்பதில்லை. காலெலும்பின் மஜ்ஜைக்குள் ஊசியை இறக்கிவிடுகிறோம். ஒரு சொட்டு இரத்தத்தில் சர்க்கரையைப் பார்க்கிறோம். மருந்து கலக்குகிறவர் ஒருவர், அளவை உரக்கப் படித்துச் சரிபார்க்கிறவர் இன்னொருவர். கல்ச்சர் எடுக்கவே முடியாத நிலை என்றால் மருந்து அதற்காகக் காத்திருக்காது.

சலைன் விஷயத்தில் மட்டும் வேகம் போதாது, கண்ணும் வேண்டும். கென்யா, உகாண்டா, தான்சானியா நாடுகளில் காய்ச்சலோடும் இரத்த ஓட்டக் குறைவோடும் வந்த மூவாயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளிடம் நடந்த ஆய்வு 2011இல் வெளியாயிற்று. வேகமாகத் திரவம் ஏற்றப்பட்ட குழந்தைகளில்தான் 48 மணி நேரத்துக்குள் நேர்ந்த இறப்பு அதிகமாக இருந்தது. செயற்கைச் சுவாசக் கருவி போன்ற வசதிகள் இல்லாத மருத்துவமனைகள் அவை. வயிற்றுப்போக்கால் நீர் வற்றிய குழந்தைகள் அந்த ஆய்வில் இல்லை. ஆகவே திரவமே கூடாது என்று அதற்குப் பொருளல்ல. தீவிர சிகிச்சை வசதி இருக்கும் இடங்களில் இன்றும் கிலோவுக்கு 10 முதல் 20 மில்லி என்று கொடுக்கிறோம். ஒவ்வொரு தவணை முடிந்ததும் நின்று பார்க்கிறோம். துடிப்பு இறங்கியதா? காலில் குளிர்ச்சி தொடங்கும் கோடு முழங்காலிலிருந்து கணுக்காலுக்கு இறங்கியதா? வலது விலா எலும்புக்குக் கீழே கல்லீரலின் ஓரம் முன்பைவிடத் தாழ்ந்து விரலில் தட்டுகிறதா? நுரையீரலில் புதிதாகக் கரகரப்பு கேட்கிறதா? கல்லீரல் தாழ்ந்திருந்தால் இருதயம் இனித் தாங்காது. திரவத்தை நிறுத்திவிட்டு, இருதயத்துக்கு வலுவூட்டும் அட்ரினலின் போன்ற மருந்துக்குப் போக வேண்டும். இந்தச் சோதனைக்கு ஒரு நிமிடம்கூட ஆகாது. இதைச் செய்யாமல் அடுத்த பாட்டிலை மாட்டுகிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வரும். அந்தக் கோபத்தை நான் மறைப்பதும் இல்லை.

மருந்தை நிறுத்துவதைப் பற்றி இவ்வளவு அக்கறையோடு யாரும் பேசுவதில்லை. சந்தேகத்தின் பேரில் ஆம்பிசிலின், ஜென்டாமைசின் என்ற இரண்டு ஆன்டிபயாடிக்குகளைத் தொடங்குகிறோம். 36 முதல் 48 மணி நேரத்தில் கல்ச்சரில் எதுவும் வளரவில்லை, குழந்தையும் நன்றாகப் பால் குடிக்கிறது, தொற்றுக்கான வேறு அறிகுறியும் இல்லை என்றால் நிறுத்திவிட வேண்டும். ஆனால் 'எதற்கும் ஐந்து நாள் போகட்டும்' என்று தொடர்ந்துவிடுகிறார்கள். அந்த 'எதற்கும்' பெரும்பாலும் குழந்தைக்காக அல்ல, எங்கள் பயத்துக்காக. தேவையில்லாமல் நீளும் மருந்து குடலின் நல்ல கிருமிகளை அழிக்கிறது. குறைமாதக் குழந்தைகளில் குடல் அழுகல் நோயோடும் இறப்போடும் அதற்குத் தொடர்பு காணப்பட்டிருக்கிறது. வார்டில் மருந்துக்கு அடங்காத கிருமிகள் பெருகி, பக்கத்துப் படுக்கைக் குழந்தைக்கு நாளை எந்த மருந்தும் கேட்காமல் போகிறது. அதனால் தொடங்கும்போதே, கல்ச்சர் முடிவைப் பார்த்து மறுபடி யோசிக்க வேண்டிய நேரத்தை மருந்துச் சீட்டில் எழுதிவிடுமாறு மருத்துவர்களிடம் கேட்பேன். அந்த நேரம் வந்ததும் நானே நினைவூட்டுவேன். சில மருத்துவர்களுக்கு அது பிடிப்பதில்லை. பரவாயில்லை.

வீட்டுக்கு அனுப்பும் நாளில் ஆபத்து அறிகுறிகளை ஒப்பித்துவிட்டுக் கையெழுத்து வாங்குவதில் எனக்கு நம்பிக்கை கிடையாது. தாயையே சொல்லச் சொல்வேன்: எதைப் பார்த்தால் நள்ளிரவானாலும் கிளம்பி வருவீர்கள்? பால் குடிக்காவிட்டால், மூச்சு வாங்கினால், சில்லிட்டால் என்று அவர் சொல்லி முடித்ததும், அவருக்கே வித்தியாசமாகத் தோன்றினாலும் வரலாம், காரணம் சொல்லத் தெரிய வேண்டியதில்லை என்று சேர்த்துக்கொள்வேன். மூளைக்காய்ச்சல் வந்த குழந்தைக்குக் காது கேட்கும் திறன் குறையக்கூடும், ஜென்டாமைசினுக்கும் காதைப் பாதிக்கும் குணம் உண்டு. ஆகவே செவித்திறன் பரிசோதனைக்கான தேதியையும், வளர்ச்சியைப் பார்க்க அடுத்து வர வேண்டிய தேதியையும் குறித்துக் கொடுத்த பிறகே அவர்களை வாசல்வரை கொண்டுபோய் விடுகிறேன்.