ஏழ்துறைக்கு ஒரு நாட்காட்டி: ஜூன் குறிப்புகள்

ஜூன் 2, 2025, ராயபுரம்

ஏழ்துறை ஒரு கற்பனைக் கடலோர நாடு. பலகை விளையாட்டுக்காக உருவாகிறது. அதற்கு நாட்காட்டி போடும் வேலை இன்று தொடங்குகிறது. மாதப் பெயர்களுக்கு அவசரமில்லை. முதலில் இரண்டு எண்கள் உறுதியாக வேண்டும். ஆண்டு 370.4 நாள், அமாவாசைக்கு அமாவாசை 28.6 நாள் என்று வைத்தாயிற்று.

புதிதாக உலகம் கட்டுகிறவர்கள் மாதத்துக்கு 30 நாள், 12 மாதம், மொத்தம் 360 என்று முடித்துவிடுகிறார்கள். அந்த நாட்டில் பஞ்சாங்கம் கணிக்கிறவருக்கு வேலையே கிடையாது. நம் பூமியில் 29.53 நாள் நிலவு மாதமும் 365.2422 நாள் ஆண்டும் முழு நாளாகவும் வராமல், ஒன்றுக்குள் ஒன்று அடங்காமலும் நிற்பதால்தான் லீப் ஆண்டு வந்தது, அதிக மாதம் (கூடுதலாகச் சேர்க்கும் மாதம்) வந்தது, 19 ஆண்டுக்கு 235 அமாவாசை என்ற கணக்கைத் தேடிப் பிடிக்க வேண்டியிருந்தது. மிச்சம் விழவேண்டும். அது விழுகிற இடத்தில்தான் பூசாரியும் வட்டிக்காரரும் வரி வசூலிப்பவரும் வந்து நிற்பார்கள்.

ஜூன் 4

370.4ஐ 28.6ஆல் வகுத்தால் 12.95. பதின்மூன்று மாதம் வைத்தால் 371.8 நாள், அதாவது ஆண்டுக்கு 1.4 நாள் கூடுகிறது. இந்தப் பக்கத்துத் தெலுங்குக் குடும்பங்கள் பார்க்கும் சந்திரமானப் பஞ்சாங்கத்தில் அவ்வப்போது ஒரு மாதத்தைச் சேர்ப்பார்கள். ஏழ்துறையில் ஒரு மாதத்தை எடுக்கவேண்டும். 20 ஆண்டுக்கு 7,408 நாள். 259 நிலவுக்கு 7,407.4 நாள். இடைவெளி 0.6 நாள்தான். ஆகவே 260 மாதம் வரவேண்டிய இடத்தில் 259. காணாமல் போகும் அந்த மாதத்துக்கு ‘விழுங்குமதி’ என்று பெயர்.

எக்செல்லில் தசமத்தைக் கூட்டிக்கொண்டே போகக் கூடாது. 143 வரவேண்டிய இடத்தில் கணினி 142.999 என்று வைத்திருந்தால், பின்னத்தை வெட்டும்போது 142 ஆகிவிடும். எல்லாவற்றையும் பத்தால் பெருக்கி முழு எண்ணாக்குவது நல்லது. ஆண்டு எண்ணை 3704ஆல் பெருக்கி, 10ஆல் வகுத்து, மீதியை விட்டுவிட்டால் அந்த ஆண்டு தொடங்கும் நாள் கிடைக்கும். எண்ணிக்கை பூஜ்யத்திலிருந்து தொடங்கவேண்டும். ஆண்டுகள் 370, 370, 371, 370, 371 என்று ஓடும். மாதத்துக்கு 3704க்குப் பதில் 286 போட்டால் 28, 29, 28, 29, 29.

ஜூன் 7

விழுங்குமதியை 20ஆம் ஆண்டின் முடிவில் வைத்தது தப்பு. ஆண்டுக்கு 1.4 நாளாகச் சேர்ந்து, 20ஆம் ஆண்டு பிறக்கும்போது திருவிழாக்கள் 26.6 நாள் பிந்திவிடுகின்றன. அறுவடை முடிந்து களம் காய்ந்த பிறகு அறுவடைப் பொங்கல் வைப்பது போலாகும். பத்தாம் ஆண்டுக்கு மாற்றினால் அதுவரை 14 நாள் பிந்தும், மாதத்தை எடுத்ததும் 14.6 நாள் முந்தும், பிறகு மெல்ல மெல்ல வந்து சேர்ந்துகொள்ளும். இதுதான் சரி.

விழுங்கும் ஆண்டு 12 மாதம்தான், ஏறக்குறைய 343 நாள். மாத வட்டிக்காரருக்கு இதில் வித்தியாசமில்லை. ஆண்டு வட்டிக்குக் கொடுத்தவருக்கு 343 நாளிலேயே முழு வட்டியும் வந்துவிடும், கடனாளிக்குத்தான் நஷ்டம். ஆண்டு ஒப்பந்தம் எல்லாம் சூரியக் கணக்கில்தான் செல்லும் என்று ஏழ்துறைச் சட்டத்தில் ஒரு வரி போட்டே ஆகவேண்டும். அந்த மாதத்தில் பிறந்தவர்களுக்கு அந்த ஆண்டு பிறந்தநாளே வராது. விளையாடுகிறவர்கள் இதைத்தான் முதலில் கேட்பார்கள்.

ஜூன் 8

கிழமை: சந்தை வாரம் ஆறு நாள். 370 நாள் ஆண்டில் நான்கு கிழமை நகரும், 371இல் ஐந்து. ஆண்டு மாறினாலும் மாதம் விழுங்கினாலும் வாரத்தை அறுக்கக் கூடாது. 1582இல் கிரிகோரியன் நாட்காட்டிக்கு மாறுவதற்காகப் பத்து தேதிகளைத் தூக்கியபோதுகூட அக்டோபர் 4 வியாழனுக்கு அடுத்து வந்த 15ஆம் தேதி வெள்ளிக்கிழமைதான்.

ஜூன் 11

இன்று பௌர்ணமி. காசிமேட்டில் விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக்கிடக்கின்றன. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். அதை ஆங்கிலத் தேதியால் எண்ணுகிறார்கள். தண்ணீர் ஏறி இறங்குவதற்கு அமாவாசை, பௌர்ணமி. காற்றுக்குத் தமிழ் மாதம். ஒரே துறையில் மூன்று நாட்காட்டி, ஒன்றோடொன்று சண்டையில்லை. ஏழ்துறைக்கும் ஒன்றே போதும் என்ற எண்ணத்தை இதைப் பார்த்த பிறகு விட்டுவிடலாம்.

ஆகவே மாதம் நிலவால்: சங்குமதி, உப்புமதி, வலைமதி. பருவம் சூரியனால்: வாடை, கொண்டல், சோழகம், கச்சான். நிலவுச் சுழற்சி 28.6 நாள் என்பதால் ஓதம் (கடல் நீர் ஏறி இறங்குவது) நாளுக்கு 52 நிமிடம் பிந்தும் (இங்கே 50). நாள் விடியலில் பிறக்கும் என்று வைத்தால், பின்னிரவில் படகு இறக்குகிறவர் முந்தைய தேதியில் கிளம்பி அடுத்த தேதியில் கரையேறுவார். மீன் ஏலக் கணக்கில் கரையேறிய தேதியை எழுதுவதே வழக்கம் என்று விதிப் புத்தகத்தில் சொல்லிவிடவேண்டும். இல்லையென்றால் ஒரே மீனுக்கு இரண்டு தேதி.

ஜூன் 16

தினசரி காலண்டர் அச்சுக்குப் போகிறது, தினம் ஒரு தாள் கிழிப்பது. தாளின் நடுவில் பெரிய எழுத்தில் நிலவுத் தேதி, மேலே பருவமும் அதன் நாளும், கீழே இடது மூலையில் ஓதம் ஏறும் நேரம், வலது மூலையில் சந்தைக் கிழமை. மாதத்தின் முதல் நாளுக்குக் கறுப்பு வட்டம், நிறைமதிக்கு வெள்ளை வட்டம்.

ஒரு ஏ3 தாளில் எட்டு வரும். 371 நாளுக்கு 47 ஏ3 தாள், ஐந்து இடம் மிச்சம். முதல் தாளில் 1 முதல் 8 வரை அடுக்கினால் வெட்டிய பிறகு அத்தனையையும் கையால் கோக்கவேண்டும். 47 தாளிலும் முதல் கட்டத்தில் 1–47, இரண்டாவதில் 48–94 என்று அடுக்கில் கீழ்நோக்கி ஓடவிட்டால், வெட்டிய எட்டுக் கட்டுகளையும் ஒன்றன்மேல் ஒன்று வைத்தால் போதும். மிச்சமுள்ள ஐந்தில் 20 ஆண்டு அட்டவணை போகிறது. 70 ஜிஎஸ்எம் தாளிலேயே கட்டு மூன்று சென்டிமீட்டருக்கு மேல் வரும், ஸ்டேப்ளர் இறங்காது. துளை போட்டுக் கம்பி கோக்கவேண்டும். அதற்கு முன், 47க்குக் கீழே 48 இருக்கிறதா, 329க்குக் கீழே 330 இருக்கிறதா என்று மட்டும் புரட்டிப் பார்த்துக்கொண்டால் போதும்.