பற்பூஞ்சை ஸ்பாட்டர்: நிறத்தை நம்பினால் மார்க் போச்சு

ரிசல்ட் வந்துவிட்டது. தியரியில் தப்பியவர்கள்கூட மைகாலஜி (பூஞ்சையியல்) பிராக்டிகலில் அடிவாங்கியது ஒரே ஸ்பாட்டரில் (பெயர் கண்டுபிடிக்க வைக்கும் மாதிரி): ஃபெலோடான் டொமென்டோசஸ், குடைக்கு அடியில் பல் போன்ற முட்கள் தொங்கும் பற்பூஞ்சை. பாதிப் பேர் இன்னொரு பற்பூஞ்சைப் பேரினமான ஹிட்னெல்லம் என்று எழுதியிருக்கிறார்கள்.

குழம்புவதில் வியப்பில்லை. இரண்டும் ஊசியிலைக் காட்டிலும் கலப்புக் காட்டிலும் தரையில் முளைப்பவை. குடை மெல்லிய தோல்போல இருக்கும், நடுவில் குழியும், பழுப்பு வளையங்களும் வெளிறிய விளிம்பும் இருக்கும். பக்கத்துக் குடைகள் ஒட்டிக்கொண்டு வளரும். வழியில் கிடக்கும் ஊசியிலையையும் விழுங்கிவிடும். இவற்றை ஒரு பக்கம் எழுதினாலும் எந்தப் பேரினம் என்று நிரூபணமாகாது. காப்பாற்றுவது ஸ்போர்தான் (பூஞ்சையின் விதைத்தூள்). புது மாதிரி என்றால் ஸ்போர் பிரிண்ட், அதாவது குடையிலிருந்து உதிரும் ஸ்போர் படிவு, அதன் நிறத்தைக் காட்டும். ஃபெலோடான் வெள்ளை, ஹிட்னெல்லம் பழுப்பு.

பிரிண்ட் எடுப்பதிலும் ஒரு சொதப்பல் உண்டு. வெள்ளைத் தாளில் வைத்துவிட்டு "ஒன்றுமே விழவில்லை" என்பார்கள். விழுந்திருக்கும், கண்ணுக்குத் தெரியாது. கண்ணாடி ஸ்லைடில் எடுங்கள்:

- தண்டை ஒட்ட வெட்டி, பற்கள் கீழே பார்க்க வையுங்கள்.
- குடை மேல் ஒரு சொட்டுத் தண்ணீர். கிண்ணத்தால் மூடி ஓர் இரவு விடுங்கள்.
- படிந்ததை பிளேடால் ஒரு மூலைக்கு வழித்துக் குவியுங்கள். மெல்லிய படலத்தில் பழுப்பும் வெளிறித் தெரியும். நிறம் குவியலில்தான் பிடிபடும்.

காய்ந்த மாதிரி கொடுத்தால் பிரிண்டுக்கு வழியில்லை. முற்றிய பல் ஒன்றை இடுக்கியால் பிடுங்கி, 5% கேஓஹெச்சில் (பொட்டாசியம் ஹைட்ராக்சைடு கரைசல்) நசுக்கி, மைக்ராஸ்கோப்பின் எண்ணெய் லென்ஸில் பாருங்கள். ஃபெலோடான் ஸ்போர் நிறமற்றது, சிறியது, மேலே நுண்முட்கள். ஹிட்னெல்லம் ஸ்போர் பழுப்பு, கரடுமுரடான புடைப்புகள். ஸ்போர் வழவழப்பாக இருந்தால் ஹிட்னம் (பல் உள்ள வேறொரு பேரினம்) பக்கம் போங்கள். அதன் சதையும் தோல்போல இருக்காது, உடையும்.

முகர்ந்தும் பாருங்கள். காய்ந்த ஃபெலோடானில் வெந்தய வாசனை வரும். துணைச் சான்றாக எழுதலாம், அதை மட்டும் வைத்துப் பெயர் எழுத வேண்டாம்.

வகைப்பாட்டு வரியில் இன்னொரு பள்ளம். பல் இருக்கிறதே என்று ஹிட்னத்தோடு சேர்த்து காந்தரெல்லேலீஸ் வரிசை (ஆர்டர்) என்று எழுதாதீர்கள். ஃபெலோடானும் ஹிட்னெல்லமும் தெலிஃபோரேலீஸ் வரிசை.