நெல்மணிகளின் சாட்சியம்

2012-இல் கொச்சியில் தொடங்கிய முதல் முசிறிஸ் பியனாலே என்னும், இரண்டாண்டுக்கொருமுறை நடக்கும் கலைக் கண்காட்சியில், அமர் கன்வாரின் ‘தி சாவரின் ஃபாரஸ்ட்’ என்னும் படைப்பின் முன் நெடுநேரம் நின்றிருந்தேன். ஆவணப்பட இயக்குநரும் கலைஞருமான கன்வார், ஒடிசாவின் வயல்களும் காடுகளும் சுரங்கங்களுக்கும் ஆலைகளுக்கும் கைமாறுவதைப் பத்தாண்டுகளுக்கும் மேலாகப் படம்பிடித்துச் சேர்த்தவற்றிலிருந்து உருவானது அது.

அதன் மையத்தில் 42 நிமிடப் படம் ஒன்று இருக்கிறது. காற்றில் அசையும் புல்லும் நீர்நிலையும் மரங்களும் நிதானமாக வந்து போகின்றன. அவற்றில் பெரும்பாலானவை தொழில் திட்டங்களுக்காகக் கையகப்படுத்தக் குறிக்கப்பட்ட நிலங்கள் என்று அறிந்தபின், அதே புல்லை முன்போல் பார்க்க என்னால் இயலவில்லை. புல்டோசரைக் காட்டாமலேயே இழப்பின் அளவை உணர்த்திவிடும் அந்தப் பொறுமையை, எந்தப் போராட்டக் காட்சியையும்விட வலிமையானதாக நான் கருதுகிறேன்.

ஆனால், என் நினைவில் ஆழப் பதிந்தவை விதைகளே. ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியரும் இயற்கை விவசாயியுமான ஒடிசாவின் நடபர் சாரங்கி பாதுகாத்துவந்த மரபு நெல் வகைகளில் 260-க்கும் மேற்பட்டவை இப்படைப்பில் இடம்பெற்றன. மேட்டு நிலத்தில் குறைந்த நீரில் விரைவில் விளைவது, பள்ளத்தில் வெள்ளம் தேங்கினாலும் தாங்குவது, கடலோர உப்பு மண்ணுக்கு ஈடுகொடுப்பது என ஒவ்வொரு வகை மரபு நெல்லும் ஒரு குறிப்பிட்ட நிலத்தோடு உழவர்கள் தலைமுறைகளாக நடத்திய உரையாடலின் விளைவாகும். இழப்பீட்டுக் கணக்கில் நிலத்தின் பரப்பும் விலையும் ஏறுகின்றன. அந்த நிலத்துக்கென்றே தேர்ந்தெடுக்கப்பட்ட நெல்லுக்கு அங்கே இடமில்லை. மேலும், நெல்விதையைப் பெட்டியில் பூட்டி என்றென்றும் காக்க முடியாது. சில பருவங்கள் விதைக்காமல் விட்டால் முளைப்புத்திறன் குன்றிவிடும் என்பதால், நிலம் போனால் விதையும் பின்னாலேயே போகும்.

படைப்பின் இன்னொரு பகுதியில் கையால் செய்த காகிதத்தாலான பெரிய புத்தகங்கள் மேசைமேல் விரிந்திருக்கின்றன. மேலிருந்து படவீழ்த்தி (புரொஜெக்டர்) அவற்றின் பக்கங்கள்மீது காணொளியை வீழ்த்துகிறது. நாம் தாளைப் புரட்டும்போது அசையும் காட்சி நம் விரல்களின் மேலும் படர்கிறது. தொழில்நுட்பத்தை இத்தனை அடக்கத்தோடு, காகித நாரின் சொரசொரப்புக்குப் பணிந்து நடக்கும்படி பயன்படுத்திய கலைஞர்கள் மிகச் சிலரே என்பது என் எண்ணம்.

கவிதையை நீதிமன்றத்தில் சாட்சியமாக ஏற்க முடியுமா என்று கன்வார் இப்படைப்பின் வழியே கேட்கிறார். அந்தக் கேள்வியை அவர் கலைக்கூடங்களோடு நிறுத்திவிடவில்லை. 2012-இலேயே புவனேஸ்வரத்திலும் இப்படைப்பை மக்கள் பார்வைக்கு வைத்து, அங்கு வந்தவர்களைத் தங்களிடமுள்ள ஆவணங்களையும் புகைப்படங்களையும் பொருள்களையும் அதனோடு சேர்க்கும்படி அழைத்தார்.