கமக்காரக் குடும்பத்திலிருந்து மூதவைக்கு: பிப்பா ஹக்கெற்

மூதவை (செனற்) என்றால் இலங்கையில் எங்கள் தலைமுறைக்குக் குடியியல் புத்தகத்தில் ஒரு பந்திதான். முப்பது பேர், பாதிப்பேரைப் பிரதிநிதிகள் சபை தெரிவு செய்யும், மீதிப்பேரை மகாதேசாதிபதி நியமிப்பார், 1971 ஒக்ரோபரில் ஒழிந்தது. பரீட்சைக்கு அவ்வளவு போதும். அயர்லாந்தில் மூதவை இன்னும் இருக்கிறது. 2013 சர்வசன வாக்கெடுப்பில் மயிரிழையில் தப்பியது. அதன் வழியாக இராஜாங்க அமைச்சரானவர்தான் பிப்பா ஹக்கெற்.

அங்கே 60 ஆசனங்கள். 11 பேரைப் பிரதமர் நியமிப்பார், 6 பேரைப் பட்டதாரிகள் தெரிவு செய்வார்கள், மீதி 43 துறைவாரியாகப் பிரித்த ஐந்து குழாம்களுக்கு. விவசாயக் குழாத்துக்கு 11. பெயரைப் பார்த்துக் கமக்காரர்தான் வாக்குப் போடுவார்கள் என்று நினைக்க வேண்டாம். வாக்குரிமை 949 உள்ளூராட்சி உறுப்பினர்களுக்கும் நாடாளுமன்றத்தின் இரு சபையினருக்கும் மட்டுமே. வேட்பாளர் நாடு முழுக்கக் கார் ஓட்டி, உள்ளூராட்சி உறுப்பினர்களை வீடு வீடாகச் சந்திக்க வேண்டும். இடையில் வெற்றிடம் வந்தால் அந்த ஓட்டமும் இல்லை. இரு சபையினர் மட்டும் வாக்களிப்பார்கள்.

பிப்பா ஹக்கெற் உள்ளே போனது அந்த இடைவழியால்தான். மேயோ மாவட்டத்தின் பாலின்டைனில் கமக்காரக் குடும்பத்தில் வளர்ந்தவர். கணவரோடு ஒஃபலி மாவட்டம் கீஷிலில் மாடும் ஆடும் வளர்க்கும் சேதன (இயற்கை முறை) பண்ணை நடத்துகிறார். 2019 மே மாதம் பசுமைக் கட்சி சார்பில் மாவட்ட சபைக்கு வந்தார். அதே தேர்தல் நாளில் கட்சியின் மூதவை உறுப்பினர் கிரேஸ் ஓசலிவன் ஐரோப்பிய நாடாளுமன்றத்துக்குத் தெரிவாக, விவசாயக் குழாத்தில் ஓர் ஆசனம் வெறுமையானது. நவம்பரில் போட்டியின்றி அது இவருக்குக் கிடைத்தது. 2020 இல் முறையான தேர்தலிலும் வென்று, யூன் மாதம் காணிப் பயன்பாட்டுக்கும் உயிர்ப்பல்வகைமைக்குமான இராஜாங்க அமைச்சரானார். அமைச்சரவையில் அமரலாம், வாக்கில்லை. மூதவையிலிருந்து முழு அமைச்சராவது அங்கே அபூர்வம். 1957 இல் விவசாய அமைச்சரான ஷோன் மொய்லன் அப்படி ஒருவர்.

இவரை மதிப்பிடச் சேதன விவசாயத் திட்டத்தைத்தான் பார்க்க வேண்டும். பதவியேற்றபோது நாட்டின் விவசாய நிலத்தில் ஏறத்தாழ 2 வீதமே சேதன முறையில் இருந்தது. 2023–27 காலத்துக்கு 256 மில்லியன் யூரோ ஒதுக்கி, கொடுப்பனவை யாரும் கடதாசியில் கணக்குப் பார்க்கக்கூடிய விதமாக அமைத்தார்கள். இறைச்சி மாடு, செம்மறி வளர்ப்பவருக்கு மாற்றத்துக்கான முதல் இரண்டு ஆண்டும் ஹெக்டேயருக்கு 300 யூரோ, பிறகு 250. இது முதல் 70 ஹெக்டேயருக்கு. இதைவிட, எல்லோருக்கும் பங்கேற்புத் தொகையாக முதலாண்டு 2,000, பின்னர் ஆண்டுக்கு 1,400. 40 ஹெக்டேயர்காரருக்கு முதலாண்டு 14,000, மூன்றாம் ஆண்டிலிருந்து 11,400. சேர்ந்தவர்கள் 25 மணிநேரப் பயிற்சியும் முடிக்க வேண்டும். 2024 அளவில் பங்காளிகள் ஐயாயிரத்தை எட்டினார்கள், நிலம் 5 வீதமானது.

தடுக்கி விழும் இடங்களும் உண்டு. ஐரிஷ் மாட்டுக் கொட்டில்களில் சாணம் கீழே விழ இடைவெளி விட்ட கொங்கிறீற் தளம்தான் வழக்கம். சேதன விதிப்படி உட்தளத்தில் குறைந்தது பாதி இடைவெளியற்றதாக இருக்கவேண்டும். மாடு படுக்க வைக்கோலும் போடவேண்டும். மேற்குப் பகுதியில் தானியப் பயிர் குறைவு, வைக்கோல் தூரத்திலிருந்து வரவேண்டும். இரசாயன நைதரசன் நின்றதும் புல் மெலியும். முன்கூட்டியே சுண்ணாம்பு இட்டு, மண்ணுக்கு நைதரசன் சேர்க்கும் குளோவர் செடி விதைத்தவர் தப்புவார். பெரிய ஓட்டை சந்தையில்: சேதன முறையில் வளர்ந்த கன்றுகளில் கணிசமானவை வாங்க ஆளில்லாமல் சாதாரணச் சந்தையில் சாதாரண விலைக்குப் போகின்றன. இவ்வளவுக்கும், யாரையும் கட்டாயப்படுத்தாமல் இரண்டு ஆண்டு அவகாசமும் காசும் கொடுத்தார்கள். 2021 இல் இலங்கையில் ஒரே இரவில் இரசாயனப் பசளையை நிறுத்தியதோடு ஒப்பிட்டால் வித்தியாசம் விளங்கும்.

வனத்துறையில் கதை வேறு. 2018 ஐரோப்பிய நீதிமன்றத் தீர்ப்பு ஒன்றுக்குப் பிறகு நடுவதற்கும் வெட்டுவதற்கும் ஒவ்வொரு அனுமதிக்கும் சூழல் மதிப்பீடு இறுகியது. சூழலியலாளர் போதாமல் ஆயிரக்கணக்கான விண்ணப்பங்கள் தேங்கின. 2020 இல் மேன்முறையீட்டைத் துரிதப்படுத்தச் சட்டம் கொண்டுவந்தார், ஆனால் தேக்கத்தின் வேர் மேன்முறையீட்டில் மட்டும் இருக்கவில்லை. ஆண்டுக்கு 8,000 ஹெக்டேயர் நடுவது இலக்கு; 2023 இல் நட்டது 2,000 கூட இல்லை. 1.3 பில்லியன் யூரோ புதிய திட்டத்துக்கு ஐரோப்பிய ஆணைக்குழுவின் அனுமதி அவ்வாண்டு ஓகஸ்ற்றில்தான் வந்தது, நடுகைப் பருவமோ அதற்குள் போய்விட்டது. அனுமதிப்பத்திரம் இல்லாமலே ஒரு ஹெக்டேயர்வரை சுதேச மரம் நட்டு, ஹெக்டேயருக்கு ஆண்டுக்கு 2,206 யூரோ வீதம் பத்தாண்டு பெறும் ஏற்பாடு அந்தச் சிக்கலுக்கு இவர் தரப்பு கண்ட கெட்டித்தனமான வழி. ஹேர்லிங் என்ற ஐரிஷ் விளையாட்டுக்கு மட்டை செய்யும் ஆஷ் மரத்தின் கருகல் நோய்க்கு 2024 இல் அறிவித்த ஹெக்டேயருக்கு 5,000 யூரோவை மரம் வளர்ப்பவர்கள் போதாதென்றே சொன்னார்கள். அதில் அவர்கள் பக்கம் நியாயம் இருக்கிறது.

2024 யூலையில் கட்சித் தலைமைக்குப் போட்டியிட்டு 912 வாக்கு எடுத்தார். வென்ற றொடரிக் ஓகோர்மன் 984. நவம்பர் பொதுத் தேர்தலில் பசுமைக் கட்சியின் 12 ஆசனங்கள் ஒன்றாகின, ஒஃபலியில் இவரும் வெல்லவில்லை. 2025 இல் கூடிய மூதவையிலும் இவர் இல்லை. 2024 யூன் மாத உள்ளூராட்சித் தேர்தலிலேயே கட்சியின் உறுப்பினர்கள் 49 இலிருந்து 23 ஆகியிருந்தார்கள்; குழாம் வாக்குகள் அங்கிருந்துதானே வரவேண்டும்.