இரண்டு புயல்களுக்கு நடுவே

பூமி அடையாளம் தெரியாமல் மாறிப்போன பிறகு எஞ்சிய மனிதர்கள் எப்படி உயிர் தரிக்கிறார்கள் என்பதைச் சொல்லும் கதைகளை நான் விடாமல் படிப்பவன். கடல் ஊரை விழுங்கியிருக்கும், அல்லது பெயர் தெரியாத மிருகங்கள் தெருவில் திரியும்; நாயகன் ஒரு கத்தியும் ஒரு தண்ணீர்ப் புட்டியுமாக இடிபாடுகளுக்கு நடுவே நடந்துகொண்டிருப்பான். இந்தக் கதைகள் மீது எனக்கு ஒரு மனக்குறை உண்டு. அழிவு இவற்றில் ஒரே ஒரு முறைதான் வருகிறது. கடலூரில் குடியிருப்பவனுக்கு இந்தக் கணக்கு ஒத்துவருவதில்லை. எங்களுக்கு 2004இல் சுனாமி வந்தது, 2011இல் தானே புயல் வந்தது, 2015இல் வெள்ளம் வந்தது, 2024இல் ஃபெஞ்சல் புயல் வந்தது. சுனாமிக்கும் பருவநிலைக்கும் தொடர்பில்லை என்பது தெரிந்ததுதான். ஆனாலும் வீட்டை இழந்தவருடைய கணக்கில் நான்கும் ஒரே வரிசையில்தான் நிற்கின்றன. ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே எத்தனை ஆண்டுகள் கிடைக்கின்றன, அந்த ஆண்டுகளுக்குள் எது மறுபடியும் தழைக்க முடியும் என்பதைக் கதைகள் கேட்பதே இல்லை.

அடி விழும் நாளில் உயிர் தப்பும் வித்தையை நம் கடற்கரை ஓரளவு கற்றுக்கொண்டுவிட்டது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். 1999இல் ஒடிசாவைத் தாக்கிய பெரும்புயலில் ஏறத்தாழ 10,000 பேர் மாண்டார்கள். 2013இல் அதே கரையைக் கடந்த பைலின் புயலில் மாண்டவர்கள் சில பத்துப் பேர் மட்டுமே. நடுவில் நடந்தது அற்புதம் ஒன்றுமில்லை. முன்னறிவிப்பு துல்லியமானது, புயல் பாதுகாப்பு மையங்கள் கட்டப்பட்டன, இலட்சக்கணக்கானோர் முன்கூட்டியே வெளியேற்றப்பட்டனர். சுனாமி நாளில் கடலூர் மாவட்டத்தில் மட்டும் அறுநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தனர்; தேவனாம்பட்டினத்தில் அன்று காலை யாருக்கும் ஒரு வார்த்தை எச்சரிக்கை வந்து சேரவில்லை. இன்று புயல் சின்னம் உருவாகிச் சில மணி நேரத்தில் துறைமுகத்தில் கூண்டு ஏறிவிடுகிறது, கைப்பேசியிலும் செய்தி வந்துவிடுகிறது. அந்தக் கூண்டுகளில் பதினொன்றாம் எண்ணைப் பற்றி அறிந்தபோது எனக்கு வியப்பாக இருந்தது. பத்து வரை உள்ளவை வானிலையைச் சொல்கின்றன. பதினொன்று, எச்சரிக்கை மையத்துடன் தொடர்பே அறுந்துவிட்டது, இனி உள்ளூர் அதிகாரியின் கணிப்புதான் என்று அறிவிக்கிறது. எந்தப் பூதக் கதையிலும் இவ்வளவு அச்சுறுத்தும் ஒரு சின்னத்தை நான் கண்டதில்லை.

உயிர் தப்பிய மறுநாள் என்ன ஆகிறது என்பதை எனக்குக் காட்டியது தானே புயல்தான். 2011 டிசம்பர் 30 காலையில் அது கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தது. பண்ருட்டிக்குப் பக்கத்தில் எங்கள் மாமாவுக்கு ஒரு தோப்பு இருந்தது; பாதி முந்திரி, பாதி பலா. சாலையில் கிடந்த மரங்கள் அறுத்து அகற்றப்பட்ட பிறகு போய்ப் பார்த்தேன். பலா மரங்கள் முறிந்திருக்கும் என்று எதிர்பார்த்துப் போனால், அவை முறியவில்லை, வேரோடு பெயர்ந்திருந்தன. ஒவ்வொரு மரத்தின் அடியிலும் ஆள் உயரத்துக்குச் செம்மண் தட்டு ஒன்று வேர்களோடு செங்குத்தாக எழுந்து நின்றது. அது பெயர்ந்த குழியில் மழைநீர் சிவப்பாகத் தேங்கியிருந்தது. எல்லா மரங்களும் ஒரே திசையில் சாய்ந்து கிடந்ததால், விழுந்த பிறகும் வரிசை கலையவில்லை. வீணை செய்யப் பலா மரத்தைத் தேடிவந்து விலை பேசுவார்கள் என்று பெருமை பேசிய ஊரில், எல்லார் மரமும் ஒரே நாளில் விழுந்ததால், வெட்டு கூலிக்குக் கட்டுப்படியாகிற விலை கூடக் கிடைக்கவில்லை. மாமாவின் வீட்டில் ஒருவருக்கும் ஒரு கீறல் இல்லை. கூரை ஓடுகள் சில பறந்ததோடு சரி. புள்ளிவிவரத்தில் அவர்கள் பாதிக்கப்படாத குடும்பம்.

கன்று வைத்தால் பலா காய்ப்புக்கு வர ஏழெட்டு ஆண்டுகள் ஆகும், அதுவும் பேருக்குக் காய்க்கும். நிறைந்து காய்க்க இன்னும் பல ஆண்டுகள். ஒட்டு முந்திரி மூன்றாம் ஆண்டில் காய்த்தாலும் முழு விளைச்சலுக்குப் பத்தாண்டை நெருங்க வேண்டும். ஆனால் தானேவுக்கு நான்கே ஆண்டுகள் கழித்து 2015 நவம்பரில் நெய்வேலியில் ஒரே நாளில் 40 செ.மீ.க்கு மேல் மழை கொட்டி, ஓடைகள் ஊர்களுக்குள் பாய்ந்தன. 2024 நவம்பர் 30 இரவு கரையைக் கடந்த ஃபெஞ்சல், நகராமல் மணிக்கணக்கில் நின்றதால் புதுச்சேரியில் 24 மணி நேரத்தில் ஏறத்தாழ 48 செ.மீ. மழை பதிவானது. அண்மைய முப்பது ஆண்டுப் பதிவுகளில் அதற்கு முந்தைய உச்சம், 2004இல் பதிவான 21 செ.மீ. மட்டுமே. கடலூருக்கு மழையைவிட அதன் பின் வந்ததுதான் பெரிய அடி. சாத்தனூர் அணையிலிருந்து விநாடிக்கு ஒன்றரை லட்சம் கன அடிக்கு மேல் திறந்துவிடப்பட்டு, தென்பெண்ணைக் கரையூர்கள் வானம் வெளுத்த பிறகு மூழ்கின. காற்று ஒரு டிகிரி செல்சியஸ் சூடேறினால் ஏறத்தாழ 7 விழுக்காடு கூடுதல் நீராவியைத் தாங்கும் என்பது பள்ளிக்கூட இயற்பியல். பழைய மழையை மனத்தில் வைத்துக் கட்டிய பாலங்களும் வடிகால்களும் புதிய மழைக்குப் போதுமா என்பதை அதிலிருந்தே ஊகித்துக்கொள்ளலாம். பூதக் கதைகளில் எதிரி எப்போதும் வெளியிலிருந்து வருவான். நானோ இந்தப் பதிவை, அதே காற்றைச் சூடேற்றும் நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி எரிந்து தரும் மின்சாரத்தில் தட்டச்சு செய்துகொண்டிருக்கிறேன்.

புயலுக்காவது நடுவில் சில ஆண்டுகள் உண்டு. வெயிலுக்கு அது இல்லை. மனித உடல் வியர்வையை ஆவியாக்கித்தான் குளிர்கிறது; கடலோரக் காற்றில் ஈரம் மிகுந்தால் வியர்வை வழியுமே தவிர ஆவியாகாது. வெப்பத்தையும் ஈரத்தையும் சேர்த்து அளக்கும் ஈரக்குமிழ் வெப்பநிலை 35 டிகிரியை எட்டினால், நிழலில் சும்மா உட்கார்ந்திருக்கும் ஆரோக்கியமான உடல்கூடச் சில மணி நேரத்துக்கு மேல் தாங்காது என்று கணக்கிட்டிருந்தார்கள். அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் இளைஞர்களை வைத்துச் சோதித்து 2022இல் வெளியிட்ட ஆய்வு, ஈரம் மிகுந்த சூழலில் அந்த எல்லை 31 டிகிரியை ஒட்டியே வந்துவிடுகிறது என்று காட்டியது. பண்ருட்டிப் பக்கம் தகரக் கொட்டகைக்குள் முந்திரிக்கொட்டை உடைக்கும் பெண்களை மே மாதத்தில் பார்த்திருக்கிறேன். பக்கத்திலேயே வறுக்கும் அடுப்பு எரியும். கொட்டையின் எண்ணெய் தோலை அரிக்கும் என்பதால் கையில் சாம்பலைப் பூசிக்கொண்டு, விரல் நுனிகள் கறுத்துப்போய், தலை நிமிராமல் தட்டிக்கொண்டிருப்பார்கள். உடைத்த எடைக்குத்தான் கூலி என்பதால் நடுவில் எழுந்து காற்று வாங்குபவருக்குக் கூலி குறையும். அந்த உடலுக்கு ஓய்வு கொடுக்க வேண்டியது இரவு. இரவும் தணியாமல் போனால் அடுத்த நாள் வேலை முந்தைய நாளின் களைப்பின் மீதே தொடங்குகிறது.

கடலோரக் காடுகள் நம்மைக் காக்கும் என்று சொல்லும்போதெல்லாம் பிச்சாவரத்தை உதாரணம் காட்டுவது வழக்கம். சுனாமிக்குப் பின் எங்கள் மாவட்டக் கடற்கரையை ஆராய்ந்தவர்கள், அலையாத்திக் காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் சேதம் குறைவு என்று 2005இல் எழுதினார்கள். அடுத்த ஆண்டே வேறு சில ஆய்வாளர்கள், பரங்கிப்பேட்டை வட்டாரத்துக் கணக்கை மறுபடி எடுத்துப் பார்த்து, மரங்களைவிட ஊரின் மேடும் கடலிலிருந்து உள்ள தூரமுமே பெரும்பங்கு வகித்தன என்று மறுத்தார்கள். எனக்கு இரண்டாவது தரப்பு அதிகம் நம்பும்படி இருக்கிறது. மேட்டில் யார் வீடு கட்ட முடிந்தது, பள்ளத்தில் யார் நிற்க நேர்ந்தது என்ற கேள்வியை அது தவிர்க்க விடுவதில்லை. அதற்காகக் காடு வேண்டாம் என்று பொருளல்ல. அலையாத்தியும் பலாவைப் போலத்தான், நட்ட மறுநாள் நிழல் தராது.

மாமா பலாவை மறுபடி வைக்கவில்லை. பாதி நிலத்தில் சவுக்கு போட்டார். நான்காம் ஆண்டில் காகித ஆலைக்கு வெட்டி அனுப்பிவிடலாம். “பலா வெச்சா உன் புள்ளதான்டா மாப்ள பறிக்கும். அதுவரைக்கும் யார் சோறு போடுறது?” என்று கேட்டார். அவர் செய்ததுதான் இன்றைய நிலையில் புத்திசாலித்தனம் என்று நினைக்கிறேன், அதனால்தான் அது என்னை உறுத்துகிறது. ஒவ்வொரு குடும்பமும் அடுத்த புயலுக்குள் வெட்டிவிடக்கூடியதை மட்டும் நட்டால், உயிரும் வருமானமும் தப்பும். ஆனால் பண்ருட்டி பலா என்று ஒன்று இருக்காது. எங்கள் பக்கத்தில் இப்போது துணிந்து பலாங்கன்று வைப்பவர்கள் பெரும்பாலும் வேறு சம்பளம் உள்ளவர்கள். மரம் விழுந்த ஆண்டுக்கு ஒரு தொகையைக் கொடுத்துக் கோப்பை மூடும் நிவாரணம் இதை மாற்றாது. கன்று காய்க்கும் வரை ஆண்டுதோறும் ஒரு சிறு தொகை என்று அதைப் பிரித்துக் கொடுத்திருந்தால், மாமா அந்த மண்ணில் ஒரு வரிசையாவது பலாவே வைத்திருப்பார்.