மணிமண்டபமும் நம் இயற்பியல் சாரும்

சித்திரையில் ஊரிலிருந்து வந்த தொலைபேசியில் இயற்பியல் சார் காலமான செய்தி கிடைத்தது. நம் பழைய மாணவர் சங்க மலர்க் குழுவினர் கட்டுரை கேட்டபோது அவரை விட்டு வேறெதையும் எழுத மனம் வரவில்லை. வியாழக்கிழமை கடைசி பீரியடு என்றால் என்னவென்று அவரிடம் படித்த எவருக்கும் சொல்ல வேண்டியதில்லை. வாகையடி முக்கு வரை இரட்டை வரிசை. அதற்கு மேல் அவரவர் வேகம். நெல்லையப்பர் கோயில் நடை திறக்கும்போது வாசலில் நிற்போம்.

கோயிலுக்குள் இருக்கும் மணிமண்டபத்தில் பெருந்தூணைச் சுற்றி 48 சிறு தூண்கள், தட்டினால் இசைக்கும் இசைத்தூண்கள், எல்லாம் ஒரே கல்லில் செதுக்கியவை. தொட்டுத் தொட்டுக் கறுத்து வழுவழுத்த இடம் நெஞ்சுயரத்தில் இருக்கும். அதற்குப் பக்கத்திலேயே எவரோ காசால் தட்டிய வடுவும் இருக்கும். சார் காசை அனுமதிக்கவே மாட்டார். விரல் முட்டியால் ஒரு தூணை மெல்லத் தட்டுவார். நாங்கள் அடுத்த தூணில் காதை வைக்க வேண்டும். தட்டாத தூணும் லேசாக முனகும். அடியும் முடியும் ஒரே கல்லோடு பிணைந்திருப்பதால் ஒன்றின் அதிர்வு மற்றதற்குப் பரவுகிறது என்பதை எங்கள் காது தெரிந்துகொண்ட பிறகுதான் வாயைத் திறப்பார்.

“வீணையில் தடித்த தந்தி தாழ்ந்து பேசும். இங்கே தடித்த தூண் உயர்ந்து பேசுகிறதே, ஏன்?” என்று ஒருநாள் கேட்டார். ஒரு வாரம் யோசித்தோம். தந்தியை முறுக்கி இழுத்துப் பிடிக்கும் விசை அதற்குச் சுருதி தருகிறது. கல்லுக்கு அப்படி எதுவும் இல்லை, வளைக்க வரும் அடியை எதிர்க்கும் தன் விறைப்பே சுருதி. தடிமன் கூடினால் விறைப்பு கூடும். தந்தியின் நீளத்தை இரட்டித்தால் அதிர்வெண் பாதியாகும். தூணின் நீளத்தை இரட்டித்தால் நான்கில் ஒரு பங்காகும். உளி பிடித்தவர்கள் இதை எந்தச் சமன்பாட்டிலும் எழுதி வைக்கவில்லை. கல்லைத் தட்டிக் கேட்டு, விரிசலற்றதைத் தேர்ந்து, இழைத்து, மறுபடி தட்டிக் கேட்டிருப்பார்கள் என்று சார் சொல்வார். ஒரு சிறு தூண் உடைந்தாலும் மாற்றுத்தூண் வைக்க முடியாது என்று சொல்லும்போது அவர் குரல் தழுதழுக்கும்.

பிறகு அந்த ஜனவரி மாதக் காலைக் கூட்டம். அன்றைக்கு மைதானத்தில் நின்றவர்கள் யாரும் மறந்திருக்க முடியாது. பொறுப்பிலிருந்த ஒருவர் ஒலிபெருக்கியில், “ஆய்வக நேரத்தில் கோயில் சுற்றுகிறவர்களுக்கு எதற்குச் சம்பளம்?” என்று கேட்டார். எண்ணூறு பிள்ளைகளுக்கு முன்னால் கேட்டார். சார் கையிலிருந்த வருகைப் பதிவேட்டை மூடினார், திறந்தார், மறுபடி மூடினார். ஒரு வார்த்தை சொல்லவில்லை. அடுத்த வியாழன் முதல் தூண்களைக் கரும்பலகையில் வரைந்தார். எனக்கு இன்றும் அந்தக் கோபம் தணியவில்லை.

கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்தினர் ஹம்பி விட்டலர் கோயில் இசைத்தூண்களைச் சிதைக்காமல் சோதித்து, 2008இல் முடிவை வெளியிட்டார்கள். தூண்களுக்குள் பொந்து இல்லை, முழுக் கல்தான். வளைந்து அதிர்வதால்தான் ஓசை பிறக்கிறது என்றார்கள். கூட்டத்தில் அவமானப்பட்டவர் பல ஆண்டுகளுக்கு முன்பே மாணவர்களுக்குச் சொன்னது அது! அச்செடுத்து அவருக்கு அனுப்பினேன். பதில் கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. “லண்டனில் இருக்கிறாயே, ராமன் ஆராய்ந்த மாடத்துக்குப் போனாயா?” என்று மட்டும் கேட்டிருந்தார்.

போனேன். செயின்ட் பால் பேராலயத்தில் 257 படிகள் ஏறினால் முணுமுணுப்பு மாடம். சுவரோரம் மெல்லப் பேசினால் ஒலி வட்டச் சுவரை ஒட்டியே ஓடி எதிர்ப்புறம் நிற்பவர் காதில் விழும். ஆங்கில இயற்பியலாளர் ராலே பிரபு விளக்கியிருந்த அந்த நிகழ்வை, 1921இல் இங்கிலாந்து வந்த சி.வி. ராமன் சதர்லாந்து என்பவரோடு சேர்ந்து மீண்டும் ஆராய்ந்தார். ஊர் திரும்பிய பின் பீஜப்பூர் கோல்கும்பாஸையும் ஆராய்ந்தார். பார்க்க வந்த இடத்தில் கேட்கவும் தெரிந்தவர் என்று சார் அவரைப் புகழ்வார்.

இசையரங்குகளின் ஒலியை அளப்பதுதான் எனக்கு இங்கே தொழில். வீடு, பிள்ளைகளின் படிப்பு எல்லாம் அதிலிருந்து வந்தவை; அதன் முதல் எழுத்து மணிமண்டபத்தில் கற்றது. ஒவ்வொரு தூணின் சுருதியையும் குறித்து வைக்க வேண்டும் என்று சார் கடைசி வரை கடிதத்தில் எழுதிக்கொண்டிருந்தார். நான் ஊருக்குப் போனதெல்லாம் கல்யாணத்துக்கும் காரியத்துக்கும்தான். எத்தனையோ அரங்குகளை அளந்த கருவிகள் அவர் கைக்கு ஒருமுறைகூடப் போய்ச் சேரவில்லை என்பது நெஞ்சை அறுக்கிறது.

வரும் தை மாதம் ஊருக்கு வருகிறேன். விரல் முட்டி போதும், தூணுக்கு ஒரு கீறலும் படாமல் பதிவு செய்யலாம். அறநிலையத் துறைக்கு விண்ணப்பம் எழுதிவிட்டேன். கருவிகள் என் பொறுப்பு. பதினொன்றாம் வகுப்பில் காது கூர்மையான நான்கு பிள்ளைகளைச் சங்கத்தின் நெல்லைக் கிளை எனக்குத் தேர்ந்து தர வேண்டும். பள்ளி அனுமதிக் கடிதத்தில் வியாழக்கிழமை என்றே எழுதச் சொல்லுங்கள்.