பல்கலைக்கழகத் தேர்வில் ஓய்வு நேரம் கேட்டுப் பெற்ற அனுபவம்

பெருமூளை வாதம் என் இரு கால்களையும் வலக்கையையும் பாதித்திருக்கிறது. சக்கர நாற்காலியில்தான் வகுப்புக்குச் செல்கிறேன். பள்ளிப் படிப்பின் ஓ நிலை, ஏ நிலைப் பொதுத்தேர்வுகளுக்கான சிறப்பு ஏற்பாடுகளுக்குச் சிங்கப்பூர் தேர்வு மதிப்பீட்டுக் கழகத்திடம் அந்தந்தப் பள்ளியே விண்ணப்பித்தது. மருத்துவக் கடிதத்தைக் கொடுப்பதோடு என் பெற்றோரின் வேலை முடிந்தது. பல்கலைக்கழகத்தில் அந்தப் பழைய அனுமதி தானாகத் தொடர்ந்து வரவில்லை. உடற்குறையுள்ள மாணவர்களுக்கான ஆதரவு அலுவலகத்தை நாமே அணுகி, நம் நிலையைச் சொல்லி, ஆவணங்களைத் தர வேண்டும்.

நான் முதலில் கொண்டுபோன கடிதத்தில் நோயின் பெயரும், கூடுதல் நேரம் தரலாம் என்ற ஒற்றை வரியும் மட்டுமே இருந்தன. அதன்படி ஒரு மணி நேரத்துக்குப் பதினைந்து நிமிடம் என்ற கணக்கில் அனுமதி கிடைத்தது. இரண்டு மணி நேரத் தேர்வு இரண்டரை மணி நேரமானது; ஆனால் என் கைக்கு அதனால் பயனில்லை. தொடர்ந்து எழுதினால் மணிக்கட்டு உள்நோக்கி வளைந்து, கட்டைவிரல் உள்ளங்கைக்குள் மடங்கிப் பேனாவை விடாமல் இறுக்கிக்கொள்ளும். குளிரும் பதற்றமும் தசை இறுக்கத்தைக் கூட்டும். நம் தேர்வு மண்டபங்களின் குளிர்சாதனத்தைப் பற்றி உள்ளூர் வாசகர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. இறுகிப்போன கையோடு அதே குளிரில் இன்னும் அரை மணி நேரம் உட்கார்ந்திருப்பதற்குத்தான் எனக்கு அனுமதி கிடைத்திருந்தது.

எனக்குத் தேவைப்பட்டது, கடிகாரத்தை நிறுத்திவைத்துத் தரப்படும் ஓய்வு. அதைக் கேட்கப் போகிறேன் என்றதும், “கொடுத்ததை வாங்கிக்கோம்மா, அதிகம் கேட்டா இருக்கிறதும் போயிடும்” என்றார் அம்மா. நம் வீடுகளில் இந்த அச்சம் சாதாரணம். ஆனாலும் நான் கேட்டேன். ஆதரவு அலுவலகத்தில் இருந்த அதிகாரி மறுக்கவில்லை, அதற்கான சான்றைத்தான் கேட்டார். மருத்துவமனையின் செயல்முறை மருத்துவ நிபுணர் (ஆக்குபேஷனல் தெரபிஸ்ட்) என்னைப் பேனாவாலும் விசைப்பலகையாலும் எழுதவைத்து, வேகம் எப்போது குறைகிறது, கை தளர எவ்வளவு நேரமாகிறது என்று குறித்துக்கொண்டார். அவருடைய அறிக்கையில் நோயின் பெயர் ஒரே வரியில் முடிந்துவிட, மீதிப் பக்கம் முழுவதும் என் கை எதைச் செய்யும், எதைச் செய்யாது என்றே இருந்தது. ஓய்வு இடைவேளை, தனியறை, கணினி, உயரம் மாற்றக்கூடிய மேசை ஆகிய நான்கும் அந்த அறிக்கையை வைத்தே கிடைத்தன. மேசையைச் சின்ன விஷயமாக நினைக்க வேண்டாம். மண்டபத்தின் மடக்கு மேசைகளின் அடியில் ஓடும் கம்பி, என் நாற்காலியின் கைப்பிடியில் இடித்து என்னை ஒரு முழம் தள்ளியே நிறுத்திவிடும்.

கணினி கிடைத்தும் ஒரு சிக்கல் மீதமிருந்தது. நான் பொருளியல் மாணவி. வரைபடத்தைத் தட்டச்சு செய்ய முடியாது. அதற்கு மட்டும், நான் சொல்லச் சொல்ல வரைந்துதரும் ஓர் எழுத்தர் அனுமதிக்கப்பட்டார். நாம் சொல்லாத எதையும் அவர் வரையக் கூடாது. “தேவைக் கோட்டை வலப்பக்கம் நகர்த்துங்கள்” என்றால் போதாது. எந்தப் புள்ளியில் தொடங்கி எந்தச் சரிவில் போக வேண்டும், புதிய சமநிலையிலிருந்து இரண்டு அச்சுகளுக்கும் புள்ளிக்கோடு வேண்டுமா, எதற்கு என்ன பெயரிட வேண்டும் என ஒவ்வொன்றையும் சொல்ல வேண்டும். தேர்வுக்கு முன் அவரோடு ஒரு பயிற்சி அமர்வு கேட்டு வாங்கியது நல்லதாயிற்று. பாடத்தை அதுவரை அவ்வளவு துல்லியமாக நான் வாய்விட்டுச் சொன்னதே இல்லை.

கருவிகளைப் பொறுத்தவரை, லெங்கோக் பாருவில் உடற்குறையுள்ளோருக்காக அமைந்த எனேபலிங் வில்லேஜ் வளாகத்தில் பொருள்களை நேரில் பார்த்து முயன்று பார்க்கலாம். விரல் பக்கத்து விசையில் படாதபடி துளையிட்ட தகடு பொருத்திய விசைப்பலகை எனக்குச் சரிப்பட்டது. இத்தகைய செலவுகளுக்குச் சிங்கப்பூர்க் குடிமக்களான மாணவர்கள் சிறப்புக் கல்வித் தேவை நிதிக்கு விண்ணப்பிக்கலாம். அதற்கும் ஆதரவு அலுவலகமே வழி.

முதல் பருவத் தேர்வு நவம்பர் இறுதியில் வருகிறது என்பதால் ஆகஸ்டிலேயே தொடங்கிவிடுவது நல்லது. சலுகைக் கட்டணத்தில் நிபுணரைப் பார்க்கப் பலதுறை மருந்தகத்தின் (பாலிகிளினிக்) பரிந்துரைக் கடிதம் வேண்டும், அதன்பிறகும் காத்திருக்க நேரும். வகுப்பில் நடக்கும் இடைத்தேர்வுகளை என் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர்களே நடத்துகிறார்கள். அனுமதிக் கடிதம் அவர்களுக்குப் போயிருந்தாலும், ஒவ்வொரு பாடத்துக்கும் நானே மின்னஞ்சல் அனுப்பி அறையையும் நேரத்தையும் உறுதிசெய்துகொள்கிறேன்.